ஒரே நிலம், மூன்று கோர்ட்: ஏற்கெனவே நடக்கிற வழக்கை மறைத்து இன்னொரு கோர்ட்டில் மனு போட்டால் என்ன செய்வது?

பத்துமா

எல்லாருக்கும் வணக்கம். கொஞ்சம் நீளமாக எழுதுகிறேன், பொறுமையாகப் படித்துவிட்டுச் சொல்லுங்கள்.

தாத்தா கிரயம் வாங்கிய ஒன்றரை வேலி நஞ்சை. ஒரு வேலி பாபநாசம் வட்டத்தில் இருக்கிறது. மீதி அரை வேலி, அதாவது பத்து மா, வலங்கைமான் வட்டத்தில். ஒன்று தஞ்சாவூர் மாவட்டம், இன்னொன்று திருவாரூர் மாவட்டம். தாத்தா 1984இல் உயில் எழுதாமல் இறந்துவிட்டார். அப்பாவும் பெரியப்பாவும் சேர்ந்தேதான் பார்த்துவந்தார்கள். பிறகு பேச்சு முறிந்து, 2019இல் அப்பா பாகப்பிரிவினை வழக்கு போட்டார். தஞ்சை மாவட்டத்து சார்பு நீதிமன்றத்தில், மொத்த நிலத்துக்கும் சேர்த்து ஒரே வழக்கு. "வாய்மொழியாக எப்போதோ பிரித்தாயிற்று, பத்து மா எனக்கு வந்தது" என்று பெரியப்பா பதிலுரை போட்டார். அப்பாவின் குறுக்கு விசாரணை பாதியில் நிற்கிறது.

பெரியப்பா காலமான பிறகு அவர் மகன், எனக்கு அண்ணன் முறை, வாரிசாக அந்த வழக்கில் சேர்க்கப்பட்டார். வக்காலத்தும் போட்டிருக்கிறார். அப்படியிருந்தும் போன புரட்டாசியில் திருவாரூர் மாவட்டத்து முன்சீப் கோர்ட் ஒன்றில் அந்தப் பத்து மாவுக்கு மட்டும் தனியாக உறுத்துக்கட்டளை வழக்கு, அதாவது எங்களைத் தடுக்கச் சொல்லி வழக்கு, போட்டிருக்கிறார். நிலம் அவர் அனுபவத்தில் இருக்கிறதாம், நாங்கள் உள்ளே வரக்கூடாதாம். 2019 வழக்கைப் பற்றி அவருடைய பிராதில், அதாவது வழக்கு மனுவில், ஒரு வரிகூட இல்லை. எங்களை விசாரிக்காமலேயே இடைக்காலத் தடை கிடைத்துவிட்டது.

நோட்டீஸ் வந்த அன்றைக்கு எங்கள் சிஆர் 1009 ரக நெல் நாற்றுக்கு 31 நாள். நடவு ஆட்களுக்குச் சொல்லியாகிவிட்டது. தடையை மீறி இறங்க மனம் வரவில்லை. நாற்று முற்றிப்போய் மாட்டுக்கு அறுத்துப் போட்டோம். அப்பா வரப்பில் உட்கார்ந்து அதைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

இது போதாதென்று உயர் நீதிமன்றத்தில் ஒரு ரிட் மனு. பட்டா மாறுதல் கேட்டு அவர் கொடுத்த விண்ணப்பத்தை வட்டாட்சியர் பரிசீலிக்க உத்தரவிட வேண்டும் என்று. அதிலும் எங்களைக் கட்சியாகச் சேர்க்கவில்லை. 8 வாரத்தில் முடிவெடுக்கும்படி உத்தரவு வந்துவிட்டது. ஒரே நிலத்துக்கு மூன்று இடத்தில் ஓட வேண்டியிருக்கிறது. இதைக் கேட்பார் இல்லையா?

கோர்ட்_வாசல்

தம்பி, நான் டெல்டாவில் வக்கீலாக இருப்பவன். உங்கள் வழக்குக் கட்டு என் கையில் இல்லை. அதனால் பொதுவாக, சட்டம் என்ன என்பதை மட்டும் சொல்கிறேன்.

உரிமையியல் நடைமுறைச் சட்டம் 1908இல் 10ஆவது பிரிவு இதற்காகவே இருக்கிறது. அதே கட்சிக்காரர்கள், அல்லது அவர்கள் வழியாக உரிமை கோருபவர்கள், அதே பிரச்சினைக்கு முன்னதாக ஒரு வழக்கு போட்டு, அது தகுதியுள்ள கோர்ட்டில் நிலுவையில் இருந்தால், பின்னால் வந்த வழக்கின் விசாரணையை நடத்தக் கூடாது. "வாய்மொழிப் பாகம் நடந்ததா இல்லையா" என்பதுதான் உங்கள் இரண்டு வழக்குக்கும் உயிர். முதல் வழக்கில் வரும் தீர்ப்பு இரண்டாவது வழக்கை முன்தீர்ப்புத் தடையாக, அதாவது ஒருமுறை தீர்ந்ததை மறுபடி வழக்காட முடியாதபடி, கட்டிப்போடுமா என்று பார்க்க வேண்டும். 2005இல் நிம்ஹான்ஸ் எதிர் பரமேஸ்வரா வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்ன உரைகல் இதுதான்.

நிறையப் பேர் சறுக்குவது எங்கே என்றால், இந்த மனுவை முதல் கோர்ட்டில் கொண்டுபோய்ப் போடுவார்கள். அங்கே போட்டுப் பயனில்லை. பின்னால் வந்த வழக்கு எங்கே இருக்கிறதோ, அந்த முன்சீப் கோர்ட்டில்தான் போட வேண்டும். 2019 பிராது, பெரியப்பாவின் பதிலுரை, உங்கள் அண்ணனை வாரிசாகச் சேர்த்த உத்தரவு, அவர் போட்ட வக்காலத்து, எல்லாவற்றுக்கும் நகல் மனு போட்டுச் சான்று நகல் வாங்கிக்கொள்ளுங்கள். அந்த வக்காலத்துதான் உங்களுக்குப் பெரிய ஆயுதம். "எனக்கு அப்படி ஒரு வழக்கே தெரியாது" என்று அவர் சொல்ல வழியில்லாமல் போகும்.

இன்னொன்று. 10ஆவது பிரிவு நிறுத்துவது விசாரணையை மட்டும்தான். வழக்கு தாக்கலாவதைத் தடுக்காது, இடைக்கால உத்தரவையும் தொடாது. 1998இல் இந்தியன் வங்கி வழக்கில் இது தெளிவாகிவிட்டது. ஆகவே 10ஆவது பிரிவு மனு ஜெயித்தாலும் தடை உத்தரவு தானாக விழாது. அதற்குத் தனியாக, ஆணை 39 விதி 4இன் கீழ் தடையை ரத்து செய்யச் சொல்லி மனு போடுங்கள். முக்கியமான விஷயத்தில் தெரிந்தே பொய்யோ திசைதிருப்பும் தகவலோ பிரமாணத்தில் சொல்லி, எதிர்த்தரப்பை விசாரிக்காமல் வாங்கிய தடையை கோர்ட் நீக்கியே ஆகவேண்டும். நீக்காவிட்டால் அதற்குக் காரணம் எழுத வேண்டும். அந்த விதியே அப்படித்தான் இருக்கிறது.

பத்துமா

அண்ணா, ரொம்ப நன்றி. தடை வந்து 30 நாளைத் தாண்டிவிட்டது. ஒவ்வொரு வாய்தாவுக்கும் எதிர்த்தரப்பு நேரம் கேட்கிறது, தடையும் நீண்டுகொண்டே போகிறது.

கோர்ட்_வாசல்

அதற்கும் வழி உண்டு. ஆணை 39 விதி 3ஏ, ஒருதலைப்பட்சத் தடை கொடுத்தால் 30 நாளுக்குள் அந்த மனுவை முடிக்க முயல வேண்டும், முடியாவிட்டால் காரணம் பதிய வேண்டும் என்கிறது. அப்படி முடிக்காமல் இழுத்தால், பாதிக்கப்பட்டவர் மேல்முறையீட்டுக்குப் போகலாம் என்று 2000இல் வெங்கடசுப்பையா நாயுடு எதிர் செல்லப்பன் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. இந்தத் தீர்ப்பை மனுவோடு இணைத்தாலே வாய்தா சுருங்கும்.

கிராமக்கணக்கு

நான் 27 வருடம் கிராம நிர்வாக அலுவலராக இருந்து ஓய்வு பெற்றவன். ரிட் உத்தரவைப் பற்றி நான் சொல்கிறேன்.

"விண்ணப்பத்தைப் பரிசீலித்துச் சட்டப்படி உத்தரவிடுக" என்று வந்தால், பட்டா கொடு என்று அர்த்தம் இல்லை. விண்ணப்பத்தைக் கிடப்பில் போடாதே என்றுதான் அர்த்தம். ஆனால் கட்சிக்காரர் அதை எடுத்துக்கொண்டு நேராக வருவார், "ஹைகோர்ட் ஆர்டர் சார், கொடுக்காவிட்டால் அவமதிப்பு வழக்கு" என்பார். ஆபீசில் இருக்கிறவர்களுக்குப் பயம் வந்துவிடும். நானே பயந்திருக்கிறேன்.

நீங்கள் இன்றைக்கே வட்டாட்சியருக்கு ஆட்சேபணை கொடுங்கள். 2019 வழக்கின் எண், பிராது நகல், இப்போதைய நிலை எல்லாம் வைத்துக் கொடுத்து, கையில் ஒப்புதல் வாங்குங்கள். பதிவுத் தபாலிலும் ஒன்று அனுப்புங்கள். பட்டா பாஸ்புக் சட்டம் 1983இன் கீழ் வந்த விதிகளில், உரிமை பற்றிய தகராறு கோர்ட்டில் இருந்தால் உரிமையியல் நீதிமன்றத்தில் முடிவு வாங்கி வா என்று கட்சிகளை அனுப்ப வேண்டும் என்று இருக்கிறது. வழக்கு இருப்பது தெரிந்தால் எந்த வட்டாட்சியரும் அவசரப்பட்டுக் கையெழுத்துப் போட மாட்டார். தெரிவிக்க வேண்டியது உங்கள் வேலை. தவறிப்போய் மாற்றிவிட்டாலும் ஆர்டிஓவிடம் (வருவாய்க் கோட்ட அலுவலர்) மேல்முறையீடு, அதற்கு மேல் டிஆர்ஓவிடம் (மாவட்ட வருவாய் அலுவலர்) சீராய்வு இருக்கிறது.

அடங்கலையும் விட்டுவிடாதீர்கள். அடங்கல் என்பது இந்தப் பசலியில், அதாவது வருவாய்த் துறைக் கணக்கு ஆண்டில், யார் என்ன பயிர் வைத்தார் என்ற கணக்கு. உரிமைத் தகராறு வேறு, சாகுபடிக் கணக்கு வேறு. வழக்கு இருக்கிறது என்று அதையே எழுதாமல் விட்டால், கொள்முதல் நிலையத்தில் நெல் போட முடியாது, பயிர்க் காப்பீடும் கிடைக்காது. பழைய பசலி அடங்கல் நகல்களைத் தேடி எடுங்கள். அனுபவம் யாருடையது என்பதற்கு அதைவிட நல்ல சாட்சி இல்லை.

திருவையாறு_தம்பி

எல்லாரும் இரண்டாவது வழக்கு போட்டவரையே குற்றவாளி ஆக்குகிறீர்கள். ஒன்று கேட்கிறேன். முதல் வழக்கு 2019இல் போட்டது, இன்னும் குறுக்கு விசாரணைகூட முடியவில்லை. எங்கள் வீட்டு வழக்கு 11 வருடமாக நடக்கிறது. நீதிபதி மாற்றல், வக்கீல் புறக்கணிப்பு, கமிஷனர் அறிக்கை வரவில்லை, ஏதாவது ஒன்று. அதற்குள் எதிராளி வரப்பை வெட்டினால், மரத்தை அறுத்தால், நாங்கள் எங்கே போவது? வேறு கோர்ட்டுக்குப் போகத்தான் செய்வோம். ஆத்திரத்தில் சொல்லவில்லை, அனுபவித்துச் சொல்கிறேன்.

கோர்ட்_வாசல்

தம்பி, உங்கள் வலி நியாயம். தாமதம்தான் இந்தப் பழக்கத்துக்கு வேர், அதை மறுக்கவில்லை. ஆனால் வரப்பை வெட்டினால், அதே வழக்கில் இடைமனு போட்டுத் தடை கேட்கலாம். நிலத்தின் நிலையைப் பார்த்துவர ஆணையர் வேண்டும் என்று கேட்கலாம். வழக்கு நடக்கும்போதே நிலத்தை விற்றால், சொத்து மாற்றுச் சட்டம் 52ஆவது பிரிவின்படி வாங்குகிறவரையும் தீர்ப்பு கட்டும். வழக்கு இழுக்கிறது என்றால், விரைந்து முடிக்கச் சொல்லி அரசியலமைப்பின் 227ஆவது உறுப்பின் கீழ் உயர் நீதிமன்றத்துக்குப் போகலாம். நேர்மையான வழி எல்லாமே முதல் வழக்கு வழியாகத்தான் போகிறது.

புதிய சம்பவத்துக்குப் புதிய வழக்கு போடுவதும் தவறில்லை. ஆனால் முதல் பத்தியிலேயே "இன்ன எண் வழக்கு இன்ன கோர்ட்டில் இருக்கிறது" என்று எழுத வேண்டும். நீதிபதி எப்படி அறிவார்? பக்கத்து மாவட்டத்துக் கோர்ட்டில் என்ன வழக்கு இருக்கிறதென்று அவர் முன்னால் இருக்கும் காகிதத்தில் வந்தால்தான் உண்டு. மறைத்தவர் ஏமாற்றுவது உங்களை மட்டுமல்ல, அந்த நீதிபதியையும்தான்.

கடைமடை_சாகுபடி

திருத்துறைப்பூண்டி பக்கம். நான் குத்தகைதாரன். எங்களுக்கு இது வேறு மாதிரி வருகிறது. நிலத்துக்காரர் குத்தகை பாக்கி என்று சொல்லி வருவாய் நீதிமன்றத்தில் வெளியேற்ற மனு போட்டார். நான் குத்தகையைக் கட்டிவிட்டு வழக்கை நடத்திக்கொண்டிருந்தேன். அங்கே தோற்றுவிடுவோம் என்று தெரிந்ததும் முன்சீப் கோர்ட்டில் போய், நான் யாரோ அத்துமீறி நுழைந்தவன் என்று தடை கேட்டார். குத்தகை என்ற சொல்லே பிராதில் இல்லை. அங்கே பாக்கிக்காரக் குத்தகைதாரன், இங்கே அத்துமீறி. இரண்டும் ஒரே ஆள் எப்படி?

1955 சாகுபடிக் குத்தகைதாரர் பாதுகாப்புச் சட்டத்தில் 6ஏ பிரிவு இருக்கிறது. பிரதிவாதி சாகுபடிக் குத்தகைதாரர் என்று பிரமாணத்தாலோ வேறு வகையிலோ மெய்ப்பித்தால், சிவில் கோர்ட் விசாரணையை நிறுத்தி வருவாய்க் கோட்ட அலுவலருக்கு மாற்ற வேண்டும். 1969 சட்டப்படி வைத்த குத்தகைப் பதிவேட்டில் என் அப்பா பெயர் இருந்தது. அந்த ஒரு காகிதத்தால்தான் தப்பினோம். அதைக்கூட அம்மா அரிசிப் பானைக்குள் வைத்திருந்தார்.

பத்துமா அண்ணே, போலீஸ் பக்கமும் பார்த்துக்கொள்ளுங்கள். அடுத்து சட்டம் ஒழுங்கு என்று புகார் வரும், தாலுகா ஆபீசில் அமைதிப் பேச்சுவார்த்தை என்று கூப்பிடுவார்கள், ஏதாவது எழுதிக் கையெழுத்துக் கேட்பார்கள். படிக்காமல் போட்டுவிடாதீர்கள்.

கோர்ட்_வாசல்

சரியாகச் சொன்னீர்கள். நிலத் தகராறால் அமைதி குலையும் என்று அதிகாரிகள் நடவடிக்கை எடுப்பது பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டம் 145ஆவது பிரிவு, 2024 ஜூலை 1 முதல் புதிய சட்டத்தில் 164. அனுபவம் பற்றிய சிவில் வழக்கு நடக்கும்போது அதே நிலத்துக்கு இணையாக 145 நடவடிக்கை நடத்துவது சரியில்லை என்று 1985லேயே ராம் சுமேர் புரி மகந்த் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. பேச்சுவார்த்தைக்குக் கூப்பிட்டால் போங்கள், மரியாதையாகப் பேசுங்கள், 2019 வழக்கின் நகலைக் கொடுத்துவிட்டு வாருங்கள்.

காவிரிக்கரை_பெரியவர்

நம் டெல்டாக்காரனுக்கு இது புதிதல்ல. காவிரிக்கே இதுதானே நடந்தது. 1971இல் தமிழக அரசு உச்ச நீதிமன்றத்தில் வழக்கு போட்டது, 1972இல் பேச்சுவார்த்தையை நம்பித் திரும்பப் பெற்றது. பிறகு 1983இல் தஞ்சை விவசாயிகள் சங்கம் ஒன்றுதான் ரிட் போட்டு, 1990 மே 4இல் நடுவர் மன்றம் அமைக்க உத்தரவு வாங்கியது. ஜூன் 2இல் மன்றம் வந்தது. 1956ஆம் வருடத்துச் சட்டம், நடுவர் மன்றத்துக்குப் போகிற தண்ணீர்த் தகராறில் எந்தக் கோர்ட்டும் தலையிடக் கூடாது என்கிறது. இருந்தும் எத்தனை மனு, எத்தனை சுற்று. 2018 பிப்ரவரி 16இல் உச்ச நீதிமன்றம் 177.25 டிஎம்சி என்று முடிக்கிற வரை என் தலைமுறையே நரைத்துவிட்டது. தண்ணீர் வழக்கில் ஒரு தலைமுறை போச்சு, நில வழக்கில் அடுத்த தலைமுறை போகக் கூடாது தம்பி.

மன்னை_மகள்

நான் இதை மறுபக்கமிருந்து சொல்ல வேண்டும். இரண்டாவது வழக்கு போட்டவள் நான்.

அண்ணன் தம்பி இரண்டு பேரும் தங்களுக்குள் பாகப்பிரிவினை வழக்கு நடத்திக்கொண்டிருந்தார்கள். என்னைச் சேர்க்கவே இல்லை. 1989 மார்ச் 25இல் எனக்குக் கல்யாணம் ஆகவில்லை, அன்றைய தேதியிலிருந்து அமலான, இந்து வாரிசுரிமைச் சட்டத்தின் தமிழகத் திருத்தத்தின்படியே பரம்பரைச் சொத்தில் எனக்குப் பங்கு உண்டு. தெரிந்துதான் விட்டுவிட்டார்கள். நான் தனி வழக்கு போட்டதும், 10ஆவது பிரிவைக் காட்டி நிறுத்தச் சொன்னார்கள். கோர்ட்டை ஏமாற்றுகிறேன் என்று என்னைச் சொன்னார்கள். என் பிராதின் இரண்டாவது பத்தியிலேயே அவர்கள் வழக்கு எண்ணை எழுதியிருந்தேன். நான் அந்த வழக்கில் கட்சியே இல்லையே, பிறகு அதே கட்சிக்காரர்கள் என்று எப்படிச் சொல்வது? அவர்கள் மனு தள்ளுபடி ஆனது. பிறகு இரண்டையும் சேர்த்து ஒன்றாக விசாரித்தார்கள்.

பத்துமா தம்பி, தப்பாக எடுத்துக்கொள்ளாதே. உன் தாத்தாவுக்குப் பெண் பிள்ளைகள் உண்டா? உன் அப்பா போட்ட வழக்கில் அவர்கள் பெயர் இருக்கிறதா?

பத்துமா

அக்கா, இரண்டு அத்தை இருக்கிறார்கள். ஒருவர் குடவாசல், ஒருவர் சிதம்பரம். வழக்கில் சேர்க்கவில்லை. சீர் செய்துவிட்டோம், அவர்கள் கேட்க மாட்டார்கள் என்று அப்போது அப்பா சொன்னார். இரவெல்லாம் யோசித்துவிட்டுத்தான் இதை எழுதுகிறேன்.

கோர்ட்_வாசல்

அக்கா கேட்டது இந்த இழையிலேயே முக்கியமான கேள்வி. தாத்தா கிரயம் வாங்கிய சொத்து, 1984இல் உயில் இல்லாமல் இறந்திருக்கிறார். 1956 இந்து வாரிசுரிமைச் சட்டப்படி மகன், மகள் எல்லாருக்கும் சம பங்கு. உங்கள் பாகம் பாதி இல்லை தம்பி. அப்பா, பெரியப்பா, இரண்டு அத்தை, அப்போது பாட்டி உயிரோடு இருந்திருந்தால் அவருக்கும் ஒரு பங்கு.

பாகப்பிரிவினை வழக்கில் எல்லாப் பங்குதாரரும் கட்சியாக இருந்தே தீர வேண்டும். இல்லாவிட்டால் வழக்கே அடிபடும். ஒரு அத்தையை வைத்து உங்கள் அண்ணன் நாளைக்கே நான்காவது வழக்கு போட்டாலும், 10ஆவது பிரிவு அங்கே உங்களைக் காப்பாற்றாது. ஆணை 1 விதி 10இன் கீழ் இரண்டு பேரையும் 2019 வழக்கில் சேர்க்க மனு போடுங்கள். அதற்கு முன்னால் நேரில் போய்ப் பாருங்கள். சம்மன் கையில் வாங்கித்தான் அவர்கள் தெரிந்துகொள்ள வேண்டும் என்று இல்லை.

திருவையாறு_தம்பி

இதைப் படித்துவிட்டு எங்கள் வழக்கையும் இ-கோர்ட்ஸ் தளத்தில் தேடிப் பார்த்தேன். அப்பா பெயரைப் போட்டு மாவட்டம் மாவட்டமாகத் தேடியதில், எங்களுக்கே தெரியாமல் எங்கள் சர்வே எண்ணுக்கு ஒரு வழக்கு பக்கத்துக் கோர்ட்டில் இருக்கிறது. நோட்டீஸ் வரவில்லை. அந்த வழக்குக்கான 16 இலக்க அடையாள எண்ணை (சிஎன்ஆர்) குறித்து வைத்திருக்கிறேன். நாளைக்கு வக்கீலைப் பார்க்கிறேன்.

கோர்ட்_வாசல்

உடனே பாருங்கள். இன்னொரு வழக்கு வரும் என்று சந்தேகம் இருக்கிறவர்கள் உரிமையியல் நடைமுறைச் சட்டம் 148ஏ பிரிவின்படி முன்கூட்டியே கேவியட், அதாவது எங்களைக் கேட்காமல் உத்தரவு போடாதீர்கள் என்ற மனு, போட்டு வைக்கலாம். 90 நாள் செல்லும், முடிந்ததும் மறுபடி போட வேண்டும். ரிட் என்றால் ஒரு விஷயம் கவனியுங்கள்: தஞ்சாவூர், திருச்சி மாவட்டத்து வழக்குகள் மதுரை அமர்வுக்குப் போகும், திருவாரூர், நாகப்பட்டினம், மயிலாடுதுறை சென்னைக்குப் போகும். பத்துமா மாதிரி இரண்டு மாவட்டத்தில் நிலம் இருந்தால் இரண்டு இடத்திலும் கண் வேண்டும்.

பத்துமா

மூன்று மாதம் கழித்து எழுதுகிறேன், மன்னியுங்கள்.

தடையை நீக்கிவிட்டார்கள். அண்ணன் போட்ட வக்காலத்தின் நகலைப் பார்த்ததும் நீதிபதி அவர் வக்கீலிடம் ஒரே கேள்விதான் கேட்டார், "இது உங்கள் கட்சிக்காரர் கையெழுத்துதானே?" 10ஆவது பிரிவு மனு உத்தரவுக்காக வைக்கப்பட்டிருக்கிறது. பட்டா மாறுதல் விண்ணப்பத்தை, சிவில் வழக்கு முடிவுக்கு உட்பட்டது என்று எழுதி வட்டாட்சியர் நிராகரித்துவிட்டார். கிராமக்கணக்கு அய்யா சொன்னபடி கொடுத்த ஆட்சேபணை அந்த உத்தரவிலேயே குறிப்பிடப்பட்டிருக்கிறது.

குடவாசல் அத்தையைப் பார்க்க அப்பாவையும் கூட்டிக்கொண்டு போனேன். அண்ணன் எங்களுக்கு முன்னாலேயே இரண்டு தடவை வந்து, வெற்றுத் தாளில் கையெழுத்துக் கேட்டிருக்கிறார். அத்தை போடவில்லை. "ஆறு வருசமா கோர்ட்டுக்குப் போறீங்க, என்கிட்ட ஒரு வார்த்தை கேக்கணும்னு தோணலையாடா" என்று அப்பாவிடம்தான் கேட்டார். அப்பா தலை நிமிரவே இல்லை. இரண்டு அத்தையையும் சேர்க்கும் மனுவுக்கு கோர்ட்டில் எண் கொடுத்தாயிற்று. அன்றைக்கு அத்தை, சாப்பிட்டுவிட்டுத்தான் போக வேண்டும் என்று எங்களைப் பிடித்து வைத்துக்கொண்டார்.

பத்து மாவில் சம்பா இல்லை. ஈரம் இருக்கும்போதே உழுது உளுந்து தெளித்திருக்கிறோம், முளைத்துவிட்டது.

மன்னை_மகள்

சிதம்பரம் அத்தை என்ன சொன்னார்?

பத்துமா

பார்க்கவில்லை அக்கா. வருகிற ஞாயிற்றுக்கிழமை போகிறோம். குடவாசல் அத்தையும் கூட வருகிறேன் என்றிருக்கிறார்.